செட் டெக்கரேஷன் வேலைக்கு வரப்போறீங்களா? மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்து ஆக்கள் அடிக்கடி கேக்குற கேள்விகள்

நான் இந்த வேலைக்கு வந்து பதினொரு வருஷம். முதல் கொழும்பில டெலிட்ராமா, விளம்பரம், மறுகா இஞ்ச நம்மட பொடியன்மார்ர குறும்படம், பாட்டு வீடியோ எண்டு ரெண்டு பக்கமும் ஓடுறன். ஊருக்கு வந்தா கலியாண வீட்டில, பஸ்ஸில, கல்லடி பாலத்தடியில நடக்கப் போனாலும் அதே கேள்விதான், வாட்ஸ்அப்பில வொய்ஸ் அனுப்பி அனுப்பி எனக்கும் தொண்டை வத்திட்டு. அதான் எல்லாத்தையும் ஒரு இடத்தில எழுதுறன். கேள்வியெல்லாம் கேட்டவங்க கேட்ட மாதிரியே இருக்கு, நான் திருத்தல்ல.

அக்கா, செட் டெக்கரேஷன் எண்டா கலியாணத்துக்கு மணவறை சோடிக்கிற மாதிரி வேலைதானே?

இல்ல. கோவமும் இல்ல, என்ட அம்மாவே இண்டைக்கும் பக்கத்து வீட்டில அப்பிடித்தான் சொல்லுவா. மணவறை சோடிக்கிறது ஆக்கள் பாத்து "ஆ" எண்டணும் எண்டு. இது அப்பிடியில்ல. ஒரு சீன்ல ஒரு மனுசன் வேலையால வந்து கதிரையில இருக்கிறார் எண்டு வைங்க, அந்தக் கதிரை, பின்னால நிக்கிற அலுமாரி, அலுமாரிக்கு மேல ஏத்தி வச்சிருக்கிற பழைய சூட்கேஸ், யன்னல் சீலை, சுவரில கலண்டர், மேசையில பாதி எரிஞ்ச நுளம்புத்திரி, இதெல்லாம் தானா வந்து அங்க இருக்காது. ஒருத்தர் கதையை வாசிச்சு, இந்த வீட்டில இருக்கிறது ஆரு, அவருக்கு என்ன வருமானம், எத்தின வருஷமா இஞ்ச இருக்கிறார் எண்டு யோசிச்சு ஒவ்வொண்டாக் கொண்டுவந்து வைக்கணும். அந்த ஒருத்தர்தான் செட் டெக்கரேட்டர்.

வெறும் அறையைப் பாத்தா "வாடகைக்கு விடுற வீடு" எண்டு தெரியும். நான் வேலை முடிச்சு வெளிய வந்தா அது ஆரோ ஒரு ஆள்ர வீடா இருக்கணும். அவ்வளவுதான் வேலை.

அப்ப ஆர்ட் டிரெக்டர் எண்டுறது ஆரு? ப்ரொப்ஸ் எண்டுறது ஆரு? எல்லாரும் ஒரே ஆளா?

பெரிய படங்கள்ல வேற வேற ஆள். மேல ப்ரொடக்ஷன் டிசைனர், படம் மொத்தத்துக்கும் எப்பிடிக் காணணும் எண்டு முடிவெடுக்கிறவர். அவருக்குக் கீழ ஆர்ட் டிரெக்டர், சுவர், கதவு, படி எண்டு கட்டுற வேலையைப் பாக்கிறவர். கட்டி முடிஞ்ச இடத்தை நிரப்புறது செட் டெக்கரேட்டர். அவருக்கும் கீழ கடை கடையா ஏறி இறங்கி வாங்குற ஆள், சாமான் ஏத்தி இறக்கி அடுக்குற ஒரு கூட்டம், ஷூட் நடக்கிற நேரம் கமராவுக்குப் பக்கத்தில நிண்டு சாமானை நகத்துற ஆள் எண்டு வேற வேற இருக்கும்.

ப்ரொப்ஸுக்கும் இதுக்கும் உள்ள கோடு லேசானது: நடிக்கிறவங்க கையில எடுத்தா ப்ரொப், எடுக்காட்டி நம்மட சாமான். மேசையில வெத்திலை வட்டா சும்மா இருந்தா அது நான் வச்சது. பெத்தா அதில இருந்து வெத்திலை எடுத்து, காம்பு கிள்ளி, சுண்ணாம்பு தடவி மெண்டா அது ப்ரொப்ஸ்காரர்ர தலையிடி, ஏனெண்டா பத்து டேக் போனா பத்து வெத்திலை ஒரே அளவில வேணும். நம்மட நாட்டில, அதுவும் நம்மட பக்கத்துக் குறும்படத்தில, இந்தப் பிரிவெல்லாம் இல்ல. எல்லாத்துக்கும் ஒரு ஆள்தான், பேரும் இல்ல, "ஆர்ட்டைக் கூப்பிடு" எண்டுவாங்க. நான் ஆர்ட்.

இந்த வேலைக்கு அவார்ட் கிவார்ட் ஏதும் இருக்கா, இல்லாட்டி சும்மா பின்னால நிக்கிறதா?

இருக்கு. ஒஸ்கார்ல ப்ரொடக்ஷன் டிசைனுக்குக் குடுக்கிற விருதை டிசைனரும் செட் டெக்கரேட்டரும் சேந்துதான் வாங்குவாங்க, ரெண்டு பேர்ர பேரும் வாசிப்பாங்க. 2012 வரைக்கும் அந்த விருதுக்குப் பேர் ஆர்ட் டிரெக்ஷன், மறுகாதான் மாத்தினது. அமெரிக்காவில செட் டெக்கரேட்டர்மாருக்கு எண்டே 1993ல தொடங்கின சங்கம் ஒண்டு இருக்கு. இந்தியாவில தேசிய விருது இருக்கு, "நாயகன்" படத்துக்கு தோட்டா தரணி வாங்கினது அந்த விருதுதான், தாராவியை மெட்ராஸ்ல செட் போட்டு எடுத்த படம் அது.

இஞ்ச? பட முடிவில பேர் ஓடுற நேரம் ஆக்கள் செருப்புப் போட்டுக்கொண்டு நிப்பாங்க. எனக்கு ஒருக்கா பேரையே பிழையாப் போட்டுட்டாங்க.

இதுக்கு என்ன படிக்கணும்? என்ட மகள் ஏ.எல் ஆர்ட்ஸ்தான் செஞ்சவ, ஏலுமா?

ஏலும். "செட் டெக்கரேஷன்" எண்டு பேர் போட்ட டிகிரி தேடி அலைய வேணாம். நம்மட கல்லடியிலயே கிழக்குப் பல்கலைக்கழகத்துட சுவாமி விபுலாநந்த அழகியற் கற்கைகள் நிறுவகம் இருக்கு, அங்க நாடகமும் அரங்கியலும் இருக்கு, கட்புலக் கலையும் இருக்கு, ரெண்டும் இந்த வேலைக்குப் பக்கத்து வீடு மாதிரி. அதில படிச்சுட்டு வாற புள்ளையளுக்கு மேடை, வெளிச்சம், நிறம் எண்டுறது முதலே விளங்கும்.

ஆனா நான் அங்க படிக்கல்ல. எனக்கு வாத்தியார் என்ட மாமா. கூத்துக்கு முடியும் (அரசன்ர கிரீடம்) கரப்புடுப்பும் (சுத்திவர விரிஞ்சு நிக்கிற கூத்து உடுப்பு) செய்வார். சின்னதில அவருக்கு மட்டை வெட்டிக் குடுக்கிறதும் கண்ணாடித் துண்டு ஒட்டுறதும் நான்தான். பகல்ல பாத்தா அந்த முடி வெறும் மட்டையும் மினுங்கல் பேப்பரும்தான், ராவைக்குக் களரியில விளக்கு வெளிச்சத்தில ஆடுற நேரம் அரசன்ர தலையில அது தங்கம். கண்ணுக்குத் தெரியுறது ஒண்டு, வெளிச்சத்தில தெரியுறது வேறொண்டு எண்டுறத ஒம்பது வயசில அங்கதான் கண்டன். சேட்டிபிக்கட்டை விட முக்கியமா மூண்டு விசயம் தெரிஞ்சா நல்லம்: தைக்கத் தெரியணும், பெயின்ட் கலக்கத் தெரியணும், ஆக்களோட கதைக்கத் தெரியணும். மூண்டாவதுதான் கூடத் தேவைப்படும், அது ஏனெண்டு கீழ சாமான் எடுக்கிற கேள்வியில சொல்றன்.

ஒரு நாளைக்கு என்னதான் வேலை செய்வீங்க? ஷூட்டிங்ல சும்மா நிக்கிற மாதிரித்தானே தெரியுது?

நாங்க நிக்கிறத நீங்க கண்டா வேலை முடிஞ்சுட்டு எண்டு அர்த்தம். கமரா வாறதுக்கு முதல் நாள், சில நேரம் மூண்டு நாள் முந்தியே நாங்க போயிருவம், கமரா போன பிறகும் சாமான் கட்டுறது நாங்கதான்.

ஸ்கிரிப்ட் வந்தவுடன அறை அறையாப் பிரிப்பன். குசினியில எத்தின சீன், எது பகல், எது இரவு, கதையில எத்தினாம் நாள் எண்டு ஒரு கொப்பியில எழுதுவன். ஏனெண்டா எடுக்கிறது கதை ஒழுங்கில இல்ல. காலையில நாற்பதாம் சீனை எடுத்துட்டுப் பகல் சாப்பாட்டுக்குப் பிறகு மூண்டாம் சீனை எடுப்பாங்க, அப்ப சுவரில இருக்கிற நாட்கலண்டர் பழைய திகதிக்குத் திரும்பிப் போகணும், கிழிச்ச தாளை எறிஞ்சிருந்தா சரி, கதை முடிஞ்சுது. நான் ரெண்டு கலண்டர் வாங்கி வச்சிருப்பன். ஒவ்வொரு டேக்குக்கும் போன்ல படம் எடுத்து வைக்கிறதும் இதுக்குத்தான்.

சாப்பாட்டுக்கு எல்லாரும் எழும்புற நேரம் செட்டைச் சுத்திச் சிவப்பு டேப் ஒட்டி "தொடாதீங்க" எண்டு தமிழ்லயும் சிங்களத்திலயும் எழுதி வைப்பம், ஹொட் செட் எண்டு சொல்றது இதைத்தான். எழுதி வச்சும் மேசையில இருந்த வாழப்பழச் சீப்பில ரெண்டு பழம் போயிட்டு ஒரு நாள். லைட் பொடியன் ஒருத்தன், "அக்கா, பசிச்சிது" எண்டான். அந்தச் சீனில அந்தச் சீப்பு பன்னிரண்டு பழத்தோட ஏற்கனவே படத்தில இருக்கு. ஓட்டோ பிடிச்சுக் கடைக்குப் போய் அதே நிறத்தில ரெண்டு பழம் தேடி வந்து நூலால கட்டினன்.

இவ்வளவு சாமானும் எங்க இருந்து எடுக்கிறீங்க? எல்லாம் காசு குடுத்து வாங்குறதா?

வாங்கினா படம் எடுக்கிறவர் வளவை வித்துப்போட்டுத்தான் போகணும். கொழும்பில வாடகைக்குக் குடுக்கிற இடங்கள் இருக்கு. இஞ்ச அப்பிடி ஒண்டும் இல்ல, இருக்கிறது ஆக்கள்ர வீடுகள்தான். பாய் எண்டா காத்தான்குடிப் பக்கம் பன்பாய், சாரனும் கைத்தறிச் சீலையும் மருதமுனை, பழைய யன்னல் கதவு வீடு உடைக்கிற இடங்கள்ல, ரேடியோ மணிக்கூடு எல்லாம் திருத்துற கடைக்காரர்ர மேல் தட்டில தூசி பிடிச்சுக் கிடக்கும். உரல், சுளகு, ரங்குப்பெட்டி, சாய்மனைக் கதிரை வேணுமெண்டா நான் நேர வாவிக்கு அங்கால இருக்கிற படுவான்கரைக்குத்தான் போவன்.

ஏன் படுவான்கரை எண்டா, எழுவான்கரையில கடலோரத்து வீடுகள்ல பழைய சாமானே குறைவு. 1978 நவம்பர் 23ம் திகதி அடிச்ச சூறாவளி கூரையைக் கொண்டு போச்சு, மிச்சம் இருந்ததை 2004 டிசம்பர் 26ல கடல் கொண்டு போச்சு. நாவலடி, கல்லடி, கல்முனை, திருக்கோவில் எண்டு கரையோரம் முழுக்க பெத்தாமார்ட்ட கேட்டுப் பாருங்க, கலியாணப் படம் கூட இல்லாத வீடு எத்தினை. அதால வாவிக்கு அங்கால போய்த்தான் தேடணும்.

போனவுடன "சாமான் இருக்கா" எண்டு கேட்டா "இல்ல" எண்டுதான் பதில் வரும். முதல்ல வளவுக்க நிண்டு கதைக்கணும், எந்த ஊர், ஆர்ர மகள், என்ன குடி எண்டு அவங்க கேக்கிறதுக்கெல்லாம் பதில் சொல்லணும், தேத்தண்ணி குடிக்கணும், சீனி கூட எண்டாலும் குடிக்கணும். எழும்புற நேரத்திலதான் "பின் அறையில ஒண்டு இருக்கு புள்ள, பாக்கிறயா" எண்டு வரும். அவசரப்படுற ஆக்களுக்கு இந்த வேலை சரிவராது.

சாமான் உடைஞ்சா ஆர் காசு குடுக்கிறது?

எடுக்கிற நேரமே ஒரு கொப்பியில சாமான்ர பேர், எந்தக் கீறல் முதலே இருக்கு, எப்ப திருப்பித் தருவன் எண்டு எழுதிப் படமும் எடுத்து ரெண்டு பேரும் கையெழுத்துப் போடுறது. உடைஞ்சா படக் கம்பனி குடுக்கணும், அதை வேலை ஏற்கிற நேரமே கதைச்சு வைக்கணும். குடுக்காட்டி என்ட சம்பளத்தில இருந்து குடுப்பன், ஏனெண்டா அந்த வீட்டுக்குத் திரும்பப் போறது நான், கம்பனி இல்ல.

ஆனா காசால தீராததும் இருக்கு. கொக்கட்டிச்சோலைக்கு அங்கால ஒரு அம்மம்மாட்ட பிரம்பு பின்னின சாய்மனைக் கதிரை ஒண்டு எடுத்தன். எங்கட ஆள் ஒருத்தர் பல்ப் மாத்த அதில ஏறி நிண்டுட்டார், பிரம்பு கிழிஞ்சுது. நான் நல்ல ஆளைப் பிடிச்சுப் புதுசாப் பின்னி, பொலிஷும் அடிச்சு, முதல் இருந்ததை விட வடிவாக் கொண்டு குடுத்தன். அவ கையால தடவிப் பாத்துட்டு "இவர் இருந்த பள்ளம் போயிட்டு புள்ள" எண்டா. வேற ஒண்டும் சொல்லல்ல, ஏசவும் இல்ல, தேத்தண்ணியும் தந்தா. அதுக்குப் பிறகு எந்தக் கதிரையிலயும் ஆள் இருக்கிற சீன் இல்லாட்டி நான் கயிறு கட்டி விடுறன்.

பழைய காலத்து வீடு செய்றதெண்டா பழைய சாமான் எல்லாத்தையும் போட்டா சரிதானே?

இதிலதான் எல்லாரும் விழுறது. பழசு எண்டு ஒரு காலம் இல்ல. 1975 வேற, 1979 வேற, 1985 வேற.

1975ல மட்டக்களப்பில ஒரு வாத்தியார் வீடு எண்டு வைங்க. டீவி இருக்க ஏலா, நாட்டுக்கு டீவியே வந்தது 1979ல, ரூபவாஹினி தொடங்கினது 1982ல. அதே நேரம் இறக்குமதிக் கட்டுப்பாடு, 1977ல கடை திறந்த பிறகுதான் வெளிநாட்டுச் சாமான் குவிஞ்சது, அதால பிளாஸ்டிக் வாளி, பிளாஸ்டிக் கதிரை ஒண்டும் வைக்க வேணாம். வைக்க வேண்டியது கூப்பன் புத்தகம், அரிக்கன் லாம்பு, ரேடியோ, ரேடியோவுக்கு மேல பின்னின சீலை, மூக்குப் பேணி. 1979 எண்டா வீட்டுக்கு உள்ளுக்கு மட்டும் பாத்தாப் போதாது, வெளிய தென்னை எல்லாம் முறிஞ்சிருக்கணும், சூறாவளி போய் ஒரு வருஷம் ஆகல்ல. யன்னலுக்கு வெளிய வடிவான தென்னந்தோப்புத் தெரிஞ்சா நம்மட ஆக்கள் தியேட்டர்ல சிரிப்பாங்க. ரோட்டில வாகனம் வந்தா நம்பர் பிளேட்டைப் பாருங்க, இப்ப இருக்கிற மாதிரி இங்கிலீஷ் எழுத்து நம்பர் 2000ம் ஆண்டுக்குப் பிறகுதான்.

இன்னொண்டு, 1985 வீடு எண்டா எல்லாச் சாமானும் 1985ல வாங்கினதா இருக்காது. உங்கட வீட்டையே பாருங்க, கட்டில் அம்மாட சீதனம், அலுமாரி மாமா சவுதியால வந்த நேரம் வாங்கினது, மேசை போன வருஷம் லீசிங்ல எடுத்தது. ஒரு வீட்டில நாலு காலம் கலந்திருக்கும். புதுசா வாற புள்ளையள் எல்லாத்தையும் ஒரே வருஷத்தில இருந்து தேடி எடுத்து மியூசியம் மாதிரி வச்சுருவாங்க.

புதுச் சாமானை எப்பிடிப் பழசாக்குறது? மண்ணைப் பூசுறதா?

மண் பூசினா மண் பூசின புதுச் சாமான்தான் தெரியும். பழசு எண்டுறது ஊத்தை இல்ல, கை பட்ட இடம். கதவை எடுங்க: கைபிடியைச் சுத்தி மட்டும் கறுத்திருக்கும், அடியில துடைப்பம் தட்டின கீறல், சின்னப் புள்ள இருக்கிற வீடெண்டா இடுப்பளவில கையடையாளம். மேல் பாதியில ஒண்டும் இருக்காது, தூசிதான். முதல்ல உப்புத்தாளால அந்த இடத்தை மட்டும் தேய்ச்சு, மறுகா மண்ணிறப் பெயின்டைத் தண்ணியில நல்லா கரைச்சுப் பூசி, காயமுதல் துணியால ஒத்தி எடுக்கணும், மூலையில மட்டும் மிச்சம் நிக்கும்.

கடதாசிக்கும் சீலைக்கும் சாயத் தண்ணி, அதாவது பிளேன்டீ. வெள்ளைச் சீலையைக் கொஞ்சம் ஆறின தேயிலைத் தண்ணியில முக்கிக் காயப்போட்டா பத்து வருஷம் கூடும். கடுதாசி எண்டா முதல் மடிச்சு மடிச்சு எடுத்துட்டுத்தான் தேயிலை, அப்பதான் மடிப்பில நிறம் கூட ஏறும். ஓவன்ல காயவைக்கச் சொல்லுவாங்க, நம்மட வெயிலுக்கு அது தேவையில்ல, மதியம் ஒரு மணிக்குத் தகரத்துக்கு மேல போட்டா அரை மணித்தியாலம்.

கடன் வாங்கின சாமான்ல இது எதையும் செய்யக் கூடாது. சொல்லத் தேவையில்ல எண்டு நினைச்சன், ஒரு பொடியன் செஞ்சுட்டான், அதால சொல்றன்.

கமராவுக்குப் பிடிக்காத சாமான் எண்டு ஏதும் இருக்கா?

இருக்கு. தனி வெள்ளைச் சுவர் ஒண்டு, ஆள்ர முகம் கறுத்துச் சுவர் மட்டும் எரியும், அதால கொஞ்சம் கிறீம், கொஞ்சம் சாம்பல் கலந்து அடிப்பம். நெருக்கமான சின்னக் கோடு போட்ட துணி இன்னொண்டு. மருதமுனைச் சாரன்ல எனக்கு உயிர், ஆனா சின்னக் கட்டம் போட்டது கமராவில நெளியுற மாதிரித் தெரியும், பெரிய கட்டமா எடுங்க. படத்துக்குப் போட்ட கண்ணாடியில லைட்டும் கமராமேனும் தெரிவாங்க, கண்ணாடியைக் கழட்டிருங்க, இல்லாட்டி ஃபிரேமுக்குப் பின்னால மேல் பக்கம் ஒரு சின்ன மட்டைத் துண்டு வச்சுச் சரிச்சு விடுங்க.

டியூப் லைட் எரியுற சீன் எண்டா கமராமேனிட்ட முதலே சொல்லுங்க, நம்மட கரண்ட் 50 ஹேட்ஸ், ஷட்டர் அதுக்குப் பொருந்தாட்டி வெளிச்சம் துடிக்கும். ஃபிரேமுக்குள்ள எரியுற லாம்பு, பல்ப் எல்லாம் நாங்க வைக்கிறதுதான், ஆனா எவ்வளவு வெளிச்சம் எண்டுறது அவங்கட முடிவு. கிடுகுக் கொட்டில்ல குப்பி விளக்கு எரியுற சீனுக்கு ரெண்டு வாளி தண்ணியும் ஒரு வாளி மணலும் பக்கத்தில இல்லாம நான் தீப்பெட்டியை எடுக்க மாட்டன்.

தமிழ் ஆக்கள்ர வீடு, முஸ்லிம் ஆக்கள்ர வீடு எண்டு எப்பிடிக் காட்டுறது? சாமிப்படம், கஃபா படம் போட்டாப் போதும்தானே?

கொழும்பில இருந்து வாற ஆக்கள் அப்பிடித்தான் செய்வாங்க, பாத்தவுடன நம்மட ஆக்களுக்குத் தெரியும். ஒருக்கா ஒரு செட்டில கடல் தெரியுற யன்னலைப் பாத்து முசல்லா (தொழுற பாய்) விரிச்சு வச்சிருந்தாங்க. காத்தான்குடியில இருந்து அக்கரைப்பற்று வரைக்கும் கடல் கிழக்கால, தொழுற திசை, கிப்லா, மேற்குப் பக்கம். அண்டைக்கு ஜெனரேட்டர் கொண்டு வந்த காக்கா ஒருத்தர்தான் முதல் கண்டவர், மெதுவா வந்து "தங்கச்சி, இவர் கடலுக்கா தொழப் போறார்" எண்டார். திருப்பி விரிச்சம்.

சிலதை வைக்கிறதை விட வைக்காம விடுறதுதான் வேலை, பல முஸ்லிம் வீடுகள்ல ஹோல்ல ஆள்ர படம் மாட்ட மாட்டாங்க. டவுன்ல கத்தோலிக்க வீடு எண்டா இருதய ஆண்டவர் படமும் அதுக்குக் கீழ சின்னச் சிவப்பு பல்ப்பும். தமிழ் வீட்டில சாமித்தட்டுக்குப் பக்கத்துச் சுவர் கொஞ்சம் கறுத்திருக்கணும், தினமும் விளக்கு வைக்கிற வீடு அது.

ரெண்டு பகுதிக்கும் பொதுவா ஒண்டு இருக்கு, வெளி ஆக்கள் கவனிக்கிறதே இல்ல. நம்மட பக்கத்தில வீடு பொம்புளப் புள்ளைக்கு. கலியாணம் முடிச்சு மாப்பிள்ளைதான் வாறது. அப்ப ஹோல்ல பெரிசாத் தொங்குற படம் ஆர்ர அப்பாட? மனிசிட அப்பாட. அவர்ர அப்பா அம்மா படம் இருந்தா அறைக்குள்ள, இல்லாட்டி சின்னதா. பழைய தளபாடம் முழுக்க தாய் வழியில வந்தது. மருமகன்ர சாமான் எண்டா அவர்ர சைக்கிள், ஒரு பெட்டி, பின்னேரத்தில அவர் இருக்கிற ஒரு கதிரை. இதை வச்சு ஒரு சீன்ல ஒரு வசனமும் இல்லாம அவர் அந்த வீட்டில எவ்வளவு இடம் பிடிச்சிருக்கிறார் எண்டு காட்டலாம்.

சண்டைக் காலத்துக் கதைக்கு செட் போடுறதெண்டா பிரச்சினை வருமா?

வேலைப் பிரச்சினை வேற, மனப் பிரச்சினை வேற. துவக்கு எண்டா டம்மியா இருந்தாலும் பொலிசுக்கு எழுத்தில அறிவிக்காம ரோட்டுக்கு எடுக்கவே வேணாம், யூனிஃபோர்முக்கும் அப்பிடித்தான். கடதாசி எல்லாம் கையில வச்சிருங்க, ஃபைலோட.

மற்றது, மண்மூட்டை அடுக்கி ஒரு சென்றி (ஆமி காவல் நிக்கிற இடம்) போட்டா உங்களுக்கு அது செட். அந்த ரோட்டால சைக்கிள்ல வாற ஐயாவுக்கு அப்பிடி இல்ல. நாங்க ஒருக்கா ஒரு சென்றி போட்டுப் பகல் சாப்பாட்டுக்குப் போயிட்டம், திரும்பி வந்து பாத்தா ஒரு வயசான ஆள் சைக்கிளை விட்டு இறங்கி, உருட்டிக்கொண்டு, சேட் பொக்கட்டில ஐ.சி.யை, அடையாள அட்டையைத் தேடுறார். ஆளே இல்லாத சென்றி. ஓடிப்போய் "ஐயா படம் எடுக்கிறம்" எண்டு சொன்னா அவர் வெக்கப்பட்டுச் சிரிச்சுட்டுப் போனார், எனக்குத்தான் அண்டைக்குச் சோறு இறங்கல்ல. இப்ப அப்பிடிச் செட் போட முதல் ஊருக்குள்ள வீடு வீடாச் சொல்லுவம், கோயில்ல பள்ளியில சொல்லுவம், எடுத்து முடிஞ்ச உடன மூட்டையைப் பிரிச்சிருவம், ஒரு இரவும் நிக்க விடுறதில்ல.

பொம்புளப் புள்ளைக்கு இந்த வேலை சரிவருமா? இரவில எல்லாம் நிக்கணுமாமே?

இரவில நிக்கணும், லொறியில ஏறணும், அலுமாரி தூக்கணும். ஓம், சரிவரும். நான் கேக்கிறது மூண்டு: நாங்க மாத்திறதுக்கு ஒரு அறை, பாவிக்கக்கூடிய ஒரு டொய்லெட், இரவு பத்துக்குப் பிறகு வீட்ட விட வாகனம். இதை வேலை ஏற்க முதல் கேளுங்க, அண்டைக்குப் போய்க் கேக்காதீங்க. "அட்ஜஸ்ட் பண்ணிக்குவம் தங்கச்சி" எண்டு சொல்ற இடத்துக்கு நான் போறதில்ல. வீட்டில விடாட்டி அம்மாவை ஒரு நாள் செட்டுக்குக் கூட்டிக்கொண்டு போங்க, என்ட அம்மா வந்து கதிரையை எல்லாம் இடம் மாத்தி வச்சுட்டா, அதுக்குப் பிறகு ஒண்டும் சொல்றதில்ல.

காசு எப்பிடி? இத நம்பிக் குடும்பம் நடத்தலாமா?

முதல் ரெண்டு வருஷம் நடத்த ஏலா. எனக்கு முதல் வேலைக்குத் தந்தது சாப்பாடும் பஸ் காசும். மறுகா நாள் கணக்கு, பிறகு ஒரு வேலைக்கு மொத்தமா இவ்வளவு எண்டு வரும். மாசத்தில இருபது நாள் வேலை இருக்கும், அடுத்த மாசம் ஒண்டும் இருக்காது, அதால கலியாண சோடினையும் செய்றன். ஓம், முதல் கேள்வியில "இல்ல" எண்டு சொன்ன அதே மணவறைதான், சிரிக்காதீங்க.

என்ட சம்பளம் வேற, சாமான் காசு வேற எண்டு ரெண்டாப் பிரிச்சுக் கதைங்க. ஒண்டாச் சேத்து ஒரு தொகை சொன்னா சாமானுக்குப் போக உங்களுக்கு மிஞ்சுறது லொறிக்காரர்ர பாட்டு மட்டும்தான். லொறிக் காசு அட்வான்ஸ் கைக்கு வராம சாமான் ஏத்தாதீங்க. ரசீது எல்லாத்தையும் போன்ல படம் எடுங்க, ரசீதுத் தாள் வேர்வையில அழிஞ்சிரும். ஒரு ஆக்கள் எனக்கு எட்டு மாசம் காசு தராம இழுத்தாங்க, போன் எடுத்தப்ப "நம்மட ஊர்ப் புள்ளதானே" எண்டாங்க. வாட்ஸ்அப்பில தொகை எழுதி இருந்ததாலதான் கடைசியில வந்திச்சு.

மட்டக்களப்பில இருந்துகொண்டே செய்யலாமா, இல்ல கொழும்புக்குப் போகத்தான் வேணுமா? இந்தியாவுக்குப் போனா?

பழக எண்டா கொழும்பு. வேலை அங்கதான் கூட, அதிலயும் சிங்கள டெலிட்ராமாவும் விளம்பரமும்தான் கூட, அதால சிங்களம் கொஞ்சம் கதைக்கத் தெரியணும், ஆணி, சுத்தியல், "கொஞ்சம் இடது பக்கம்" அளவுக்காவது. ரெண்டு மூண்டு வருஷம் ஆருக்காவது கீழ நிண்டுட்டு வாங்க. பழகின பிறகு இஞ்ச இருந்தும் செய்யலாம், உதயதேவி ரயில்ல ஏறினா ஒரு நாளில போயிரலாம், சின்னச் சாமான் எண்டா இரவு பஸ்ஸில ஏத்திவிட்டா விடிய அங்க.

சென்னை எண்டா அங்க யூனியன் காட் இல்லாம பெரிய படத்தில கை வைக்க விடமாட்டாங்க. போய்ப் பாக்கலாம், படிக்கலாம், அதை நம்பி வளவை ஈடு வைக்காதீங்க.

சுவரில ஆர்ர படத்தையும் மாட்டலாமா? கடை போட், பிஸ்கட் பெட்டி தெரிஞ்சா கேஸ் போடுவாங்களா?

இன்டர்நெட்டில எடுத்த ஆள்ர படத்தை "செத்துப்போன தாத்தா" எண்டு மாலை போட்டு மாட்டினா, அவர் எங்கயோ உயிரோட இருப்பார். நான் எங்கட டீம் ஆக்கள்ர வீட்டுப் படத்தைத்தான் கேட்டு எடுத்து மாட்டுவன், எழுத்தில ஓம் வாங்கி. உயிரோட இருக்கிற ஆள்ர படத்துக்கு மாலை போட வேண்டி வந்தா அவங்கட்டயே கேளுங்க, சிலர் சிரிப்பாங்க, சிலர் ரெண்டு நாள் நித்திரை கொள்ள மாட்டாங்க.

பிராண்ட் விசயம் இஞ்ச சின்னப் படத்துக்கு ஆரும் பெரிசாப் பாக்கிறதில்ல, ஆனா டீவிக்குப் போற விளம்பரத்தில வேற கம்பனிப் பெட்டி தெரிஞ்சா முழுதும் திரும்ப எடுக்கணும். லேபலைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைங்க, ஏலாட்டி நாங்களே ஒரு பேர் வச்சு லேபல் அடிப்பம்.

இப்ப எல்லாம் கம்பியூட்டர்ல செட் செய்றாங்களே, இந்த வேலை இன்னும் இருக்குமா?

பின்னால தெரியுற மலையும் மாளிகையும் கம்பியூட்டர்ல வரும், வரட்டும். ஆள் இருக்கிற கதிரை, கை வைக்கிற மேசை, அவர் முகத்துக்குப் பக்கத்தில எரியுற லாம்பு இன்னும் உண்மையாத்தான் வேணும். கடலைக் கம்பியூட்டர்ல போட்டாலும் முசல்லாவை எந்தப் பக்கம் விரிக்கிற எண்டு ஒருத்தருக்குத் தெரியணுமே.

டிரெக்டர் பிழையான சாமானை வை எண்டு சொன்னா என்ன செய்வீங்க?

ஒருக்கா சொல்லுவன், தனியாக் கூப்பிட்டு, எல்லாருக்கும் முன்னால இல்ல. காரணத்தோட சொல்லுவன், மேல 1975 வீட்டைப் பத்திச் சொன்ன மாதிரி வருஷத்தோட. ரெண்டாம் தரமும் வை எண்டா வைப்பன், படம் அவர்ர. சில நேரம் பிழையைத் தெரிஞ்சுகொண்டுதான் கேப்பாங்க, நிறத்துக்காக, இல்லாட்டி அவங்கட அம்மாட்ட அப்பிடி ஒண்டு இருந்திச்சு எண்டு.

போன வருஷம் ஒரு பழைய வீட்டுச் சீனுக்கு டிரெக்டர் தம்பி சிவப்பு பிளாஸ்டிக் வாளி ஒண்டு கிணத்தடியில வேணும் எண்டு நிண்டார். கதை 1974. நான் வருஷம் சொன்னன், கேக்கல்ல, வச்சன். கமரா ஓட முதல் அந்த வீட்டுக்கார ஆச்சி படியில இருந்து பாத்துக்கொண்டிருந்தவ, எழும்பிப் போய் வாளியை எடுத்துக் கிணத்துக்குப் பின்னால வச்சுட்டு, உள்ளுக்கு இருந்து தன்ட பித்தளைக் குடத்தைக் கொண்டுவந்து வச்சா. டிரெக்டர் ஒண்டும் கதைக்கல்ல. நானும் கதைக்கல்ல. டேக் ஓகே.